தாழையூத்து முதல் துபாய் வரை: கடையநல்லூரார் தம் அணியைப் பார்க்கும் வழிகள்

ஊதியம் பெறும் ஆட்டக்காரர்களைக் கொண்டு, ஓர் உரிமையாளரின் முதலீட்டில், பார்வையாளரிடமும் விளம்பரதாரரிடமும் ஒளிபரப்பு நிறுவனங்களிடமும் வருவாய் ஈட்டி நடத்தப்படும் அணியைத் தொழில்முறை அணி என்பர். அமெரிக்காவின் பேஸ்பால் அணிகளுக்கும் இங்கிலாந்தின் கால்பந்து அணிகளுக்கும் இவ்வகையில் நூற்றாண்டைக் கடந்த வரலாறு உண்டு. தமிழ்நாட்டிலோ 2008ஆம் ஆண்டில், இந்தியன் பிரீமியர் லீக் எனப்படும் ஐபிஎல் கிரிக்கெட் தொடரோடு வந்த சென்னை சூப்பர் கிங்ஸ்தான் ஊர்தோறும் வீடுதோறும் அறியப்பட்ட முதல் தொழில்முறை அணி எனலாம். அதன் ஆட்டத்தைப் பார்ப்பது எப்படி என்ற கேள்வி எளிமையாகத் தோன்றினாலும், மைதானத்தில் நிகழும் ஆட்டம் ஒருவரது கண்ணை வந்தடையும் வழியில் எத்தனை கைகள் இருக்கின்றன, அவை எங்கெங்கே கட்டணம் பெறுகின்றன, எந்த எல்லையில் வழியை அடைத்துவிடுகின்றன என்பதையெல்லாம் அறியாமல் அதற்கு விடை கூற இயலாது.

மேற்குத் தொடர்ச்சி மலையின் அடிவாரத்தில், தென்காசியிலிருந்து மதுரை செல்லும் சாலையில் அமைந்த கடையநல்லூர், கைத்தறி நெசவாலும் வளைகுடா நாடுகளுக்குச் சென்று பணிபுரிவோர் அனுப்பும் பணத்தாலும் வளர்ந்த நகரம். தொழில்முறை ஆட்டம் நடைபெறும் அரங்கு ஏதும் இங்கு இல்லை. சென்னை சேப்பாக்கம் ஏறத்தாழ 600 கிலோமீட்டர் தொலைவு. பன்னாட்டு ஆட்டங்கள் நடந்துள்ள அரங்குகளில் இவ்வூருக்கு மிக அருகிலிருப்பது தமிழ்நாட்டில் இல்லை. ஆரியங்காவு கணவாயைக் கடந்து தென்மலை வழியே சென்றால் சுமார் 120 கிலோமீட்டரில் வரும் திருவனந்தபுரத்துக் காரியவட்டம் அரங்கே அது. ஆயினும் இவை இரண்டையும்விட நெருக்கத்தில், சுமார் 70 கிலோமீட்டர் தொலைவில், ஊதியம் பெறும் ஆட்டக்காரர்கள் விளக்கொளியில் ஆடும் மைதானம் ஒன்று உள்ளது. கடையநல்லூரில் மஞ்சள் சட்டை அணிந்து திரியும் இளைஞர்கள் பலர் கைப்பேசித் திரையில் தேடுகிற அணியின் வேரும் அந்த மைதானம் இருக்கும் மண்ணில்தான் ஓடுகிறது என்பது பரவலாக நினைவுகூரப்படுவதில்லை.

சுண்ணாம்புக்கல் மண்ணில்

திருநெல்வேலிக்கு வடக்கே, மதுரை நெடுஞ்சாலையை ஒட்டிய தாழையூத்துப் பகுதியின் சுண்ணாம்புக்கல் வளத்தை நம்பி, கல்லிடைக்குறிச்சியைச் சேர்ந்த சங்கரலிங்க ஐயரும் டி.எஸ்.நாராயணசாமியும் 1946இல் இந்தியா சிமெண்ட்ஸ் நிறுவனத்தைத் தோற்றுவித்தனர். 1949இல் இங்குள்ள ஆலை உற்பத்தியைத் தொடங்கியது. ஆலையைச் சுற்றி எழுந்த குடியிருப்பு சங்கரலிங்க ஐயரின் பெயரால் சங்கர் நகர் என்று வழங்கலாயிற்று. நாராயணசாமியின் மகன் என்.சீனிவாசன் நிறுவனத்தின் தலைமையில் இருந்த காலத்தில், 2008இல், ஐபிஎல் அணிகளுக்கான ஏலத்தில் சென்னை அணியை 9 கோடியே 10 லட்சம் டாலருக்கு இந்தியா சிமெண்ட்ஸ் பெற்றது. பின்னர் 2015இல் அணி தனி நிறுவனமாகப் பிரிக்கப்பட்டது. 2024 டிசம்பரில் சிமெண்ட் நிறுவனம் அல்ட்ராடெக் வசமாயிற்று. அணி சீனிவாசன் தரப்பிடமே நின்றது. ஆலையைக் கட்டியவர்களின் வழித்தோன்றல் கையில் ஆலை இல்லை, அணி இருக்கிறது என்பது தொழில் வரலாற்றில் அரிதாகக் காணப்படும் திருப்பம்.

ஆலை ஊழியர்களின் விளையாட்டுக்காகப் பேணப்பட்ட இந்தியா சிமெண்ட்ஸ் மைதானத்தைத் தொழில்முறை ஆட்டத்துக்குக் கொண்டுவந்தது தமிழ்நாடு பிரீமியர் லீக், அதாவது டிஎன்பிஎல். சூதாட்டப் புகார் விசாரணையின் விளைவாகச் சென்னை சூப்பர் கிங்ஸ் 2016, 2017 ஆகிய இரண்டு பருவங்கள் தடை செய்யப்பட்டிருந்த வேளையில், தமிழ்நாடு கிரிக்கெட் சங்கம் 2016 ஆகஸ்டில் எட்டு அணிகளோடு இத்தொடரைத் தொடங்கி, சேப்பாக்கத்தோடு திண்டுக்கல் மாவட்டத்து நத்தத்திலும் சங்கர் நகரிலும் ஆட்டங்களை நடத்தியது. முதல் கோப்பையை வென்றது தூத்துக்குடியின் பெயரைத் தாங்கிய டூட்டி பேட்ரியாட்ஸ். அவ்வணியில் ஆடி 2017 பருவத்தில் ரன்களையும் விக்கெட்டுகளையும் ஒருசேரக் குவித்த வாஷிங்டன் சுந்தர், அதே ஆண்டு டிசம்பரில் இந்திய அணியில் இடம்பெற்றார். பின்னாளில் அந்த அணி சேலத்துக்குப் பெயர்ந்துவிட, காஞ்சி வீரன்ஸ் என்ற பெயரில் இருந்த மற்றோர் அணி நெல்லை ராயல் கிங்ஸ் ஆயிற்று. அணிகள் இவ்வாறு ஊர் விட்டு ஊர் பெயர்வது ரசிகரின் பற்றைச் சோதிக்கும் வழக்கம். அமெரிக்காவின் புரூக்ளின் டாட்ஜர்ஸ் பேஸ்பால் அணி 1957 பருவத்துக்குப் பின் லாஸ் ஏஞ்சலிஸ் சென்றதை இன்றும் ஒரு துரோகம் போலப் பேசுவோர் உண்டு. தூத்துக்குடி அணி சேலத்துக்குச் சென்றதை அவ்வாறு பேசுவார் இல்லை. ஓர் அணி ஊரில் வேரூன்றப் பெயர் மட்டும் போதாது என்பதற்கு இது சான்று.

நெல்லை அணிக்கு வேர் பிடித்த தருணம் என்று ஒன்றைச் சுட்ட வேண்டுமானால் 2023 ஜூலையைச் சுட்டலாம். இறுதிப் போட்டிக்கு முந்தைய தகுதி ஆட்டத்தில், திண்டுக்கல் டிராகன்ஸுக்கு எதிராகக் கடைசி 12 பந்துகளில் 37 ரன் தேவைப்பட்ட நிலையில், அஜிதேஷும் ரித்திக் ஈஸ்வரனும் 19ஆவது ஓவரில் மட்டும் 33 ரன் சேர்த்து நெல்லையை இறுதிக்கு அழைத்துச் சென்றனர். சங்கர் நகரிலேயே நடந்த இறுதிப் போட்டியில் கோவை கிங்ஸிடம் 104 ரன் வித்தியாசத்தில் தோற்றது வேறு கதை.

எங்கே அமர்வது, எதைப் பார்ப்பது

தொலைக்காட்சியில் ஆட்டம் பார்த்துப் பழகியவர் முதல்முறை மைதானத்துக்குச் செல்கையில் ஏமாற்றம் அடைவது இயல்பு. பந்து சிறிதாகத் தெரியும், அவுட் எப்படி ஆனது என்பது புரிவதற்குள் அடுத்த ஆட்டக்காரர் உள்ளே வந்துவிடுவார், வர்ணனை இல்லை. இவ்வேமாற்றத்துக்குக் காரணம் தவறான எதிர்பார்ப்பே. ஒளிப்பதிவுக் கருவி பந்தைப் பின்தொடர்கிறது, மனிதக் கண்ணோ மைதானம் முழுவதையும் ஒரே நேரத்தில் ஏந்திக்கொள்கிறது. ஆகவே திரையில் காண முடியாதவற்றைக் காண்பதற்கே ஒருவர் மைதானத்துக்குச் செல்ல வேண்டும்.

இருபது ஓவர் ஆட்டத்தில் முதல் ஆறு ஓவர்களுக்கு, உள்வட்டம் எனப்படும் 30 கஜ வட்டத்துக்கு வெளியே இரண்டு தடுப்பாளர்கள் மட்டுமே நிற்கலாம். அதன்பின் ஐவர் வரை நிற்கலாம். இந்த விதியே அணித்தலைவரின் மனத்தைத் திறந்து காட்டும் சாளரம். எந்த இருவரை வெளியே நிறுத்துகிறார், ஏழாவது ஓவரில் யார் எந்தத் திசைக்கு ஓடுகிறார், பந்துவீச்சாளர் ஓடத் தொடங்கியபின் எல்லைக்கோட்டுத் தடுப்பாளர் இரண்டடி உள்ளே நகர்கிறாரா வெளியே நகர்கிறாரா என்பவற்றைக் கவனிப்பவர், அடுத்து எத்தகைய பந்து வரப்போகிறது என்பதை மட்டையாளருக்கு முன்பே ஊகித்துவிட முடியும். ஆடுகளத்துக்கு நேர்பின்னே அமர்ந்தால் பந்து திரும்புவதும் விலகுவதும் தெளிவாகத் தெரியும். பக்கவாட்டில் அமர்ந்தால் பந்து எங்கே குத்துகிறது, மட்டையாளர் முன்காலில் ஆடுகிறாரா பின்காலில் ஆடுகிறாரா என்பது தெரியும். சுழற்பந்தில் ஆர்வமுள்ளவர் முன்னதையும் வேகப்பந்தில் ஆர்வமுள்ளவர் பின்னதையும் தேர்ந்துகொள்ளலாம்.

சங்கர் நகரில் மேலும் ஒன்றைக் கவனிக்க வேண்டும்: காற்று. அண்மை ஆண்டுகளில் டிஎன்பிஎல் நடைபெறும் ஜூன், ஜூலை மாதங்கள் தென்மேற்குப் பருவக் காலம். குற்றாலத்தில் சாரல் விழுந்து அருவிகளில் கூட்டம் நெரியும் அதே நாள்களில், மலையின் மழைமறைவில் இருக்கும் திருநெல்வேலிச் சமவெளியில் மழை குறைவாகவும் மேற்குக் காற்று வலுவாகவும் இருக்கும். மழையால் ஆட்டம் கெடுவது குறைவு என்பதால் இப்பருவத்தில் ஆட்டம் நடத்த இவ்விடம் ஏற்றது. ஆனால் கணவாய் வழியே புகுந்து, கடையநல்லூர் சுற்றுவட்டாரத்துக் காற்றாலைகளைச் சுழற்றிவிட்டுக் கிழக்கே செல்லும் ஆடிக் காற்று, ஆட்டத்துக்குள் பன்னிரண்டாவது ஆளாகப் புகுந்துவிடும். மாலை வெயில் மட்டையாளரின் கண்ணில் படாதிருக்க ஆடுகளத்தை வடக்குத் தெற்காக அமைப்பது பொதுவழக்கு. அவ்வாறு அமைந்த களத்தில் மேற்குக் காற்று குறுக்கே வீசும்போது, வடக்கு முனையில் நின்று ஆடும் வலக்கை மட்டையாளர் லெக் பக்கம் தூக்கி அடிக்கும் பந்தைக் காற்று ஏந்திச் செல்லும். தெற்கு முனையில் நின்று அவரே அதே அடியை அடித்தால் பந்து காற்றை எதிர்த்து நின்று எல்லைக்கோட்டருகே கைக்குள் விழும். இடக்கையருக்கு இது தலைகீழ். எந்த முனையிலிருந்து யாரைப் பந்துவீசச் செய்வது என்ற முடிவில் பாதி இந்தக் கணக்குத்தான். இதைத் திரையில் பார்ப்பவர் பெரும்பாலும் அறிவதில்லை.

ஆட்டத்தைக் கூர்ந்து பார்க்க அமெரிக்கப் பேஸ்பால் ரசிகரிடமிருந்து கற்றுக்கொள்ளத்தக்க பழக்கம் ஒன்று உண்டு. பேஸ்பாலில், எறிபவர் வீசும் பந்தை அடிப்பவர் உருளைக்கட்டையால் அடித்துவிட்டு நான்கு தளங்களைச் சுற்றி ஓடிவந்தால் ஒரு ரன். மூன்று பேர் வெளியேறினால் பக்கம் மாறும். இப்படி ஒன்பது சுற்றுகள். அரங்கில் அமர்ந்திருக்கும் பார்வையாளர்களுள் ஒரு சாரார் கையில் அட்டையும் பென்சிலும் வைத்துக்கொண்டு, எறிபவருக்கு 1, பிடிப்பவருக்கு 2 என்று தொடங்கி ஒன்பது இடங்களுக்கும் உள்ள எண்களைக் கொண்டு ஒவ்வொரு நிகழ்வையும் குறித்துக்கொள்வர். இம்முறைக்கு அடித்தளம் இட்டவராகக் கருதப்படும் ஹென்றி சாட்விக் இங்கிலாந்தில் பிறந்து நியூயார்க்குக்குக் குடிபெயர்ந்து கிரிக்கெட் செய்தியாளராக இருந்தவர் என்பதும், 1859 அளவில் அவர் உருவாக்கிய பேஸ்பால் புள்ளிப்பட்டியல் கிரிக்கெட் கணக்கேட்டின் வழிவந்தது என்பதும் குறிப்பிடத்தக்கவை. கிரிக்கெட்டிடமிருந்து சென்ற வழக்கம் அங்கே ரசிகர் கையில் தங்க, இங்கே அது மேசையில் அமரும் அதிகாரபூர்வக் கணக்கரோடு நின்றுவிட்டது. ரன் இல்லாப் பந்துக்குப் புள்ளி, விக்கெட்டுக்கு ஒரு குறி என்று நோட்டுப் புத்தகத்தில் எழுதிக்கொண்டே பார்ப்பவருக்கு, எந்த ஓவரில் ஆட்டம் கைமாறியது என்பதை எவரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

மற்ற அரங்குகளைப் பற்றி விரிவாகச் சொல்ல வேண்டியதில்லை. சேப்பாக்கத்தில் ஐபிஎல் ஆட்டத்தைப் பார்க்க விரும்பும் கடையநல்லூரார், இணையத்தில் சில நிமிடங்களில் தீர்ந்துவிடும் சீட்டைப் பெற்றாலும், இரவு 7.30க்குத் தொடங்கும் ஆட்டம் முடியுமுன்பே பொதிகை விரைவு வண்டி சென்னையை விட்டுப் புறப்பட்டுவிடுவதால் ஓர் இரவு அங்கே தங்கியே ஆக வேண்டும். காரியவட்டத்தில், 2023 ஜனவரி 15 அன்று இலங்கையை இந்தியா 317 ரன் வித்தியாசத்தில் வென்றது போன்ற நாட்டு அணி ஆட்டங்களைப் பார்க்கலாம். தொலைவு ஒரு பொருட்டில்லை என்போரும் உண்டு: 2018இல் காவிரிப் போராட்டத்தின்போது சென்னை அணியின் ஆட்டங்கள் புனேக்கு மாற்றப்பட்டதும், ஏறத்தாழ ஆயிரம் ரசிகர்கள் ‘விசில் போடு எக்ஸ்பிரஸ்’ என்ற சிறப்பு வண்டியில் புனேக்கே சென்றனர்.

வானொலியும் நீதிமன்றமும்

மைதானம் எட்டாத காலத்தில் தென்மாவட்டங்களுக்கு ஆட்டத்தைக் கொண்டுவந்தது வானொலி. 1963இல் தொடங்கிய திருநெல்வேலி வானொலி நிலையத்தின் அலைவரிசை எட்டிய ஊர்களில், சேப்பாக்கத்தின் பொங்கல் டெஸ்ட் ஆட்டங்களைத் தமிழ் வர்ணனையாகக் கேட்டு வளர்ந்த தலைமுறை ஒன்று உண்டு. அவ்வர்ணனையின் குரல்களுள் முதன்மையான ஒன்று சாத்தான்குளம் அப்துல் ஜப்பாருடையது. 2020 டிசம்பரில் மறைந்த அவர் தென்மாவட்டத்துக்காரர். வானொலி வர்ணனையாளர் தடுப்பாளர் ஒவ்வொருவரும் நிற்கும் இடத்தைச் சொல்லியாக வேண்டும், கேட்பவர் அதைக் கொண்டு மனத்தில் மைதானத்தை வரைந்துகொள்ள வேண்டும் என்பதால், வானொலி கேட்டு வளர்ந்தவர்கள் களவியூகத்தில் தேர்ந்தவர்களாக இருப்பதில் வியப்பில்லை. இன்றைய தமிழ்த் தொலைக்காட்சி வர்ணனையில் கலகலப்புக்குக் குறைவில்லை. படம் இருக்கிறதே என்ற துணிவில் களத்தைச் சொல்லுவதைக் கைவிட்டுவிட்டது என்ற குறையை மட்டும் சொல்லாமலிருக்க முடியவில்லை.

தொலைக்காட்சியின் கதை நீதிமன்றத்தில் தொடங்குகிறது. 1993இல் வங்காளக் கிரிக்கெட் சங்கம் நடத்திய ஹீரோ கோப்பைத் தொடரின் ஒளிபரப்பு உரிமையை வெளிநாட்டு நிறுவனத்துக்கு விற்றபோது, ஒளிபரப்பு தன் தனியுரிமை என்று அரசுத் தரப்பு தடுத்தது. வழக்கில் 1995 பிப்ரவரி 9 அன்று தீர்ப்பளித்த உச்ச நீதிமன்றம், வான் அலைகள் பொதுமக்கள் சொத்து, அவை அரசின் தனியுடைமை அல்ல என்று கூறியது. அத்தீர்ப்பு தூர்தர்ஷனின் ஏகபோகத்தை முடித்துவைத்தது. பொதுச் சொத்தின் மேல் சென்ற ஆட்டத்தை விலைக்கு விற்கும் சந்தைக்கும் அதுவே வாயில் திறந்தது.

சந்தையில் பணமில்லாதவர் ஆட்டத்தை இழந்துவிடக் கூடாது என்பதற்காக 2007இல் ஒரு சட்டம் வந்தது. நாட்டுக்கு முக்கியமானவை என்று அரசு அறிவிக்கும் ஆட்டங்களின் ஒளிபரப்பை, தனியார் உரிமையாளர் தூர்தர்ஷனை நடத்தும் பிரசார் பாரதியோடு பகிர்ந்துகொள்ள வேண்டும் என்பது அச்சட்டம். இந்திய அணியின் ஒருநாள் ஆட்டங்கள் இதில் அடங்கும், ஐபிஎல் அடங்காது. மேலும் 2017 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம், இவ்வாறு பகிரப்படும் ஒளிபரப்பைத் தூர்தர்ஷன் தன் சொந்தத் தரைவழிக் கோபுரங்களிலும் டிடி ஃப்ரீ டிஷ் எனப்படும் இலவச விண்கோள் சேவையிலும் மட்டுமே காட்டலாம், தனியார் கேபிள் வழியே காட்டக் கூடாது என்று உறுதிசெய்தது. ஆகையால் கேபிள் இணைப்புள்ள வீட்டில் தூர்தர்ஷன் சேனல் வந்தாலும் இந்திய அணியின் ஆட்டம் வராது. கூரையில் ஃப்ரீ டிஷ் தட்டு வைத்த வீட்டில் மாதக் கட்டணமின்றி அதே ஆட்டம் வரும். இந்த வேறுபாட்டின் காரணம் தெரியாமல் கேபிள்காரரைக் கடிந்துகொள்வோர் பலர்.

சென்னை அணியின் ஆட்டமோ கட்டணச் சேனலில்தான். 2011 செப்டம்பரில் அரசு கேபிள் மாதம் 70 ரூபாய்க்குப் புத்துயிர் பெற்ற காலம் போலன்றி, 2019 முதல் நடைமுறையில் உள்ள முறையில் சந்தாதாரர் தமக்கு வேண்டிய கட்டணச் சேனல்களைத் தனித்தனியாகவோ தொகுப்பாகவோ தேர்ந்தெடுத்துப் பணம் கட்ட வேண்டும். தமிழ் வர்ணனைக்கு 2017இல் தொடங்கப்பட்ட ஸ்டார் ஸ்போர்ட்ஸ் தமிழ்ச் சேனல் தொகுப்பில் உள்ளதா என்பதைப் பருவம் தொடங்குமுன் கேட்டு உறுதிசெய்துகொள்வது நல்லது. ரமலான் மாதத்தோடு ஐபிஎல் சேர்ந்துவரும் ஆண்டுகளில் கடையநல்லூரின் பார்வை நேரமும் வேறுபடும். இஷா, தராவீஹ் தொழுகைகள் முதல் பாதி ஆட்டத்தோடு ஒத்துவருவதால், பள்ளிவாசலிலிருந்து திரும்பியவருக்குக் கிடைப்பது பெரும்பாலும் இரண்டாம் பாதியே. இலக்கைத் துரத்தும் பாதி அது என்பதால் இழப்பு பெரிதன்று.

செயலிகள், எல்லைகள்

ஒளிபரப்பு உரிமைக்கு நிறுவனங்கள் கொடுக்கும் விலையை அறிந்தால்தான் செயலிகளின் போக்கு விளங்கும். 2018 முதல் 2022 வரையிலான ஐபிஎல் உரிமையை ஸ்டார் நிறுவனம் 16,347.50 கோடி ரூபாய்க்கு வாங்கியது. அடுத்த ஐந்தாண்டுக்கு, 2023 முதல் 2027 வரை, இந்தியக் கிரிக்கெட் வாரியம் தொலைக்காட்சி உரிமையையும் இணைய உரிமையையும் பிரித்து ஏலம் விட்டதில், முன்னது டிஸ்னி ஸ்டாருக்கு 23,575 கோடிக்கும், இந்தியாவுக்கான இணைய உரிமையின் முதன்மைத் தொகுப்பு வயாகாம் 18 நிறுவனத்துக்கு 20,500 கோடிக்கும் சென்றன. ஏலத்தின் மொத்தத் தொகை 48,390 கோடி. ஒரே ஆட்டம் தொலைக்காட்சியில் ஒரு நிறுவனத்துக்கும் கைப்பேசியில் அதன் போட்டியாளருக்கும் சொந்தம் என்ற விந்தை நிலையில், 2023இல் வயாகாம் 18இன் ஜியோசினிமா செயலி ரசிகரை இழுக்க ஐபிஎல்லை முற்றிலும் இலவசமாகக் காட்டியது. மழையால் ஒருநாள் தள்ளிப்போய் நள்ளிரவைக் கடந்து முடிந்த அவ்வாண்டின் இறுதிப் போட்டியில், ஜடேஜா கடைசி இரு பந்துகளில் சிக்சரும் பவுண்டரியும் அடித்துச் சென்னைக்கு ஐந்தாவது கோப்பையைத் தந்ததைத் தமிழ்நாடு பைசா செலவின்றிக் கைப்பேசியில் பார்த்தது. போட்டி இருக்கும்வரைதான் இலவசம். 2024 நவம்பரில் இரு நிறுவனங்களும் இணைந்து, 2025 பிப்ரவரியில் ஜியோஹாட்ஸ்டார் என்ற ஒற்றைச் செயலி வந்தபின், சந்தா மீண்டும் வந்துவிட்டது.

இணையவழி நேரலையில் மற்றொரு குறை உண்டு. படம் சிறு துண்டுகளாக்கப்பட்டுச் சேவையகங்கள் வழியே கைப்பேசியை அடைந்து, சற்றே சேர்த்துவைக்கப்பட்ட பின்னர்தான் திரையில் ஓடுகிறது. எனவே கேபிள் ஒளிபரப்பைவிடச் சில விநாடிகள் முதல் அரை நிமிடம் வரை அது பின்தங்கும். நெருக்கமான தெருக்களில் பக்கத்து வீட்டுத் தொலைக்காட்சியின் கூச்சல் முதலில் வந்து, கைப்பேசியில் விக்கெட் பிறகு விழும். கடைசி ஓவர்களைக் கைப்பேசியில் பார்ப்பவர் சன்னலைச் சாத்திக்கொள்வதைத் தவிர வேறு வழியில்லை. திருட்டு இணைப்புகளில் பார்ப்பதைப் பொறுத்தவரை, பதிப்புரிமைச் சட்டம் ஒளிபரப்பு நிறுவனத்துக்குத் தனியுரிமை அளிப்பதோடு, அனுமதியின்றிக் கட்டணம் வாங்கிக்கொண்டு ஒளிபரப்பைப் பொதுமக்களுக்குக் காட்டுவதையும் உரிமை மீறலாகவே கொள்கிறது. மண்டபத்தில் பெரிய திரை கட்டிச் சீட்டு விற்க எண்ணும் இளைஞர் சங்கங்கள் இதை அறிந்திருக்க வேண்டும். அரங்கில்லாத ஊர்களுக்காகக் கிரிக்கெட் வாரியமே 2015 முதல் சில நகரங்களில் ‘ஃபேன் பார்க்’ என்ற பெயரில் பெருந்திரைக் காட்சிகளை நடத்திவருகிறது.

வளைகுடாவில் இருக்கும் கடையநல்லூராருக்கு நிலைமை வேறு. உரிமைகள் நிலப்பகுதி வாரியாக விற்கப்படுகின்றன. 2023–27 காலத்துக்கு மேற்கு ஆசிய உரிமை டைம்ஸ் இன்டர்நெட் நிறுவனத்துக்குச் சென்றது. ஆகவே ஊரில் சந்தா கட்டிய செயலி துபாயில் இறங்கியதும் ஆட்டத்தைக் காட்ட மறுத்துவிடும். நேரமும் ஒத்துவராது: இங்கே இரவு 7.30 என்பது அமீரகத்தில் மாலை 6 மணி, சவூதியிலும் குவைத்திலும் 5 மணி. கடையில் வேலை செய்பவருக்கு அது வியாபாரம் சூடுபிடிக்கும் நேரம். ஆனால் அணியே அவர்களைத் தேடிச் சென்ற காலமும் உண்டு. 2014இல் தேர்தலை முன்னிட்டு ஐபிஎல் தொடரின் முதல் 20 ஆட்டங்களும், பெருந்தொற்றின்போது 2020 தொடர் முழுவதும், 2021இன் இரண்டாம் பகுதியும் அமீரகத்தில் நடந்தன. 2021 அக்டோபர் 15 அன்று கொல்கத்தாவை வென்று சென்னை கோப்பையை ஏந்தியது துபாயில். வரையறுக்கப்பட்ட எண்ணிக்கையில் பார்வையாளர் அனுமதிக்கப்பட்ட அந்த இரவில், சேப்பாக்கத்துக்கே போயிராத தென்காசி மாவட்டத்தவர் ஒருவர் பேருந்துத் தொலைவில் தம் அணியைப் பார்த்திருக்கக் கூடிய வாய்ப்பு இருந்தது. அதே துபாய் அரங்கில் 2023 நவம்பரில் ‘பேஸ்பால் யுனைடெட்’ என்ற புதிய தொடரின் அறிமுக ஆட்டங்கள் நடந்தன. அதன் அணிகளுள் ஒன்றின் பெயர் மும்பை கோப்ராஸ். கிரிக்கெட் ரசிகரைப் பேஸ்பாலுக்கு இழுக்கும் இம்முயற்சி வெல்லுமா என்பதைக் காலமே சொல்லும். பெயரளவில் மும்பையைச் சூட்டியதால் மட்டும் இந்தியர் திரண்டுவிடுவர் என்று எதிர்பார்ப்பது சற்று மிகையே.

உரிமை எல்லைகள் ரசிகரை எவ்வளவு வினோதமாகப் படுத்தக் கூடும் என்பதை அறிய அமெரிக்கப் பேஸ்பாலையே மீண்டும் பார்க்க வேண்டும். அங்கே முப்பது அணிகள், அணிக்கு 162 ஆட்டங்கள். அணிகள் தத்தம் சுற்றுவட்டார ஒளிபரப்பு உரிமையை உள்ளூர் விளையாட்டுச் சேனல்களுக்கு விற்றன. லீக் நடத்தும் இணையச் சேவைக்குச் சந்தா கட்டியவர் நாட்டின் எந்த மூலையிலுள்ள அணியையும் பார்க்கலாம், தம் வட்டாரத்து அணியைத் தவிர. சொந்தமாக அணியே இல்லாத அயோவா மாநிலம் ஆறு அணிகளின் வட்டாரமாகக் கணக்கிடப்பட்டதால், அங்குள்ளோருக்கு அந்த ஆறு அணிகளின் ஆட்டங்களும் சேவையில் இருட்டடிக்கப்பட்டன. அதாவது அணிக்கு அருகில் இருப்பதே அதைப் பார்க்கத் தடை. உள்ளூர்ச் சேனல்கள் பலவற்றை நடத்திய நிறுவனம் 2023இல் திவால் நடவடிக்கைக்குச் சென்ற பின்னரே, சான் டியாகோ போன்ற அணிகளின் ஒளிபரப்பை லீக் தன் கைக்கு எடுத்துக்கொள்ள, இக்கட்டு தளரத் தொடங்கியது. நியூயார்க்கில் கோடைக்கால இரவு 7 மணிக்குத் தொடங்கும் ஆட்டம் கடையநல்லூரில் மறுநாள் அதிகாலை 4.30 ஆதலால், சுபுஹுத் தொழுகைக்கு எழுபவர், எந்த இருட்டடிப்பும் இன்றி, நியூயார்க்குக்காரரைவிட எளிதாக நியூயார்க் அணியைப் பார்த்துவிட முடியும்.

ஐபிஎல்லின் இப்போதைய உரிமைக் காலம் 2027 பருவத்தோடு முடிகிறது. அடுத்த ஏலத்தில் உரிமை யார் கைக்குப் போகிறதோ அதற்கேற்ப இங்குள்ள வீடுகள் செயலியையும் சேனல் தொகுப்பையும் மாற்றிக்கொள்ள நேரலாம். டிஎன்பிஎல் ஆட்டங்கள் ஸ்டார் ஸ்போர்ட்ஸிலும் ஃபேன்கோட் செயலியிலும் வந்துகொண்டிருந்தன. நெல்லை அணி எந்த நாள்களில் சங்கர் நகரில் ஆடுகிறது என்பது ஆண்டுக்காண்டு மாறுவதால், மே மாத இறுதிக்குள் அட்டவணையைப் பார்த்துவிடுவது நல்லது. பிற்பகல் 3.15க்குத் தொடங்கும் ஆட்டம் உள்ள நாளைத் தேர்ந்துகொண்டால் பாவூர்சத்திரம், தென்காசி வழியே இரவு உணவுக்கு ஊர் திரும்பலாம், இரவு 7.15 ஆட்டமென்றால் முடிவதற்குப் பதினொன்றை நெருங்கிவிடும் என்பதால், வேய்ந்தான்குளம் புதிய பேருந்து நிலையத்தில் அந்நேரத்துக்குத் தென்காசிப் பேருந்து உண்டா என்று போகும்போதே விசாரித்துவிட வேண்டும்.